பங்களாவுக்கு வருபவரும் லயத்தில் வாழ்பவரும்

ஹட்டனில் வாப்பாவின் பலசரக்குக் கடையில்தான் நான் வளர்ந்தேன். தோட்டங்களில் சம்பளம் போடும் நாட்களில் கடைக்குள் நிற்க இடமிருக்காது. முகப்பில் சரம்சரமாகத் தொங்கும் ஷாம்பு பக்கெட்டும், முகத்தை வெள்ளையாக்கும் கிரீம் பக்கெட்டும்தான் அதிகம் போகும். அந்தப் பக்கெட்டுகளில் சிரித்த முகங்களில் ஒன்றுகூட, அதை வாங்கிப் போனவர்களின் முகம் மாதிரி இருந்ததில்லை. அது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

கடையில் சாமான் கட்ட ஒரு தோட்டத்துப் பையன் இருந்தான். மெல்லிய பேச்சு, மெல்லிய நடை. வருகிறவர்கள் சிங்களத்தில் வழங்கும் ஓர் இழிசொல்லால் அவனைக் கூப்பிடுவார்கள். சென்னைப் படங்களில் பார்த்த பகிடிக் காட்சிகளை அவன் முன்னாலேயே நடித்துக் காட்டுவார்கள். நானும் சேர்ந்து சிரித்திருக்கிறேன். ஒருநாள் சாக்கைக் கட்டிக்கொண்டே, "நானா, நீங்களுமா?" என்று மட்டும் கேட்டான். அடுத்த மாதம் கொழும்புக்குப் போய்விட்டான். அவன் உண்மையில் எப்படிப்பட்டவன் என்று அவனும் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை. திரையில் பார்த்த ஒரு படத்தை எடுத்து அவன் மேல் ஒட்டினோம், அவ்வளவுதான்.

2025 செப்டெம்பரில் அவன் ஞாபகம் திரும்ப வந்தது. ஓரினச்சேர்க்கையாளரான சுற்றுலாப் பயணிகளை இலங்கைக்கு ஈர்க்கும் ஒரு திட்டத்துக்கு ஆதரவளித்து, சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபை 'ஈக்குவல் கிரவுண்ட்' அமைப்புக்கு எழுதிய கடிதம் அந்த மாதம் நாட்டில் பெரிய வாதமாகியது. கர்தினால் மல்கம் ரஞ்சித் உட்படப் பலர் எதிர்த்தார்கள். எங்கள் கடைத்தெருவிலும் தேநீர்க் கடைகளிலும் அதே பேச்சு.

ஓரினச்சேர்க்கை குறித்த மார்க்கச் சட்டத்தை உலமாக்கள் நிறையவே எழுதியிருக்கிறார்கள். அதைத் திரும்ப எழுதுவது இக்கட்டுரையின் வேலையல்ல. நான் கேட்க வருவது இதுதான்: சினிமாவும் விளம்பரமும் சுற்றுலாவும் ஓரினச்சேர்க்கையாளரைக் காட்டும்போது யாரைக் காட்டுகின்றன? எதற்காகக் காட்டுகின்றன?

சந்தை கண்டுபிடித்த வாடிக்கையாளர்

அமெரிக்காவில் 1980களின் தொடக்கத்திலேயே ஒரு மதுபான நிறுவனம் ஓரினச்சேர்க்கையாளர் பத்திரிகைகளில் விளம்பரம் கொடுக்கத் தொடங்கியது. 1994இல் ஐக்கியா நிறுவனம், இரண்டு ஆண்கள் சேர்ந்து சாப்பாட்டு மேசை வாங்கும் காட்சியைத் தொலைக்காட்சி விளம்பரமாக்கியது. நிறுவனங்களுக்கு இந்தத் துணிச்சல் வந்ததற்கு ஒரு கணக்கு உண்டு. 'இவர்களுக்குப் பிள்ளை குட்டி இல்லை, இரட்டைச் சம்பளம், கைநிறையக் காசு' என்று சந்தை ஆய்வுகள் சொல்லின. ஆனால் அந்த ஆய்வுகள் பெரும்பாலும் அப்பத்திரிகைகளின் வாசகர்களிடம் எடுக்கப்பட்டவை. வசதியும் படிப்பும் உள்ளவர்கள்தான் அவற்றை வாங்கினார்கள்.

1995இல் லீ பேட்ஜெட் என்ற பொருளியலாளர் நாடளாவிய தரவுகளை வைத்து இதைச் சோதித்தார். ஒரே படிப்பும் அனுபவமும் உள்ள மற்ற ஆண்களைவிட ஓரினச்சேர்க்கை ஆண்கள் 11 முதல் 27 சதவீதம் வரை குறைவாகவே சம்பாதித்தார்கள் என்று கண்டார். விளம்பரத்தில் இருந்த பணக்கார மனிதர் சந்தைக்குத் தேவைப்பட்ட மனிதர். ஏழை ஓரினச்சேர்க்கையாளருக்கு அந்தப் படத்தில் இடமே இல்லை. இதனால் இரட்டைப் பாதிப்பு: உதவி தேவைப்படுபவர் கண்ணில் படவில்லை, பார்ப்பவர்களோ 'இவர்கள் எல்லாரும் மேட்டுக்குடி' என்று எண்ணிக்கொண்டார்கள்.

எங்கள் பக்கத்துத் திரைகள்

2021 ஒக்டோபரில் இந்தியாவில் டாபர் நிறுவனத்தின் ஃபெம் விளம்பரம் வந்தது. கணவனுக்காக மனைவி நோன்பிருக்கும் கர்வா சௌத் பண்டிகையை இரண்டு பெண்கள் ஒருவருக்காக ஒருவர் கொண்டாடுவதாகக் காட்டினார்கள். மத்தியப் பிரதேச உள்துறை அமைச்சர் சட்ட நடவடிக்கை என்று எச்சரித்ததும், நிறுவனம் விளம்பரத்தை மீளப்பெற்று மன்னிப்புக் கேட்டது. கூச்சல் எல்லாம் அந்த இரண்டு பெண்களைப் பற்றியே இருந்தது. விற்கப்பட்ட சரக்கு முகத்தை வெளுக்க வைக்கும் பிளீச் என்பது பலருக்குப் பெரிதாகப் படவில்லை. சமத்துவம் பேசிய அதே விளம்பரம், கறுத்த தோல் போதாது என்றும் சொன்னது. எங்கள் கடை முகப்பில் தொங்கிய அதே வியாபாரம்.

தமிழ்ப் படங்களில் நெடுங்காலம் இவர்கள் பகிடிக்கு அல்லது வில்லத்தனத்துக்கு. 2006இன் 'வேட்டையாடு விளையாடு' கொலைகாரர்கள் இருவரையும் அப்படித்தான் கோடிகாட்டியது. அதற்கு மாறாக ஒரு படத்தைச் சொல்லலாம். 2023 நவம்பரில் வந்த மலையாளப் படம் 'காதல் - தி கோர்'. தயாரித்து நடித்தவர் மம்முட்டி. சில வளைகுடா நாடுகள் அதைத் தடை செய்தன. கதையின் நாயகன் உள்ளூர்த் தேர்தலில் நிற்கும் ஒரு குடும்பஸ்தன். அவனுடைய சிநேகிதன் கார் ஓட்டப் பழக்குகிறவன். விலையுயர்ந்த உடுப்பில்லை, உல்லாசமில்லை. ஒரு பொய்யான திருமணத்தில் மனைவி இழந்த வருடங்களையும் படம் கணக்கில் எடுக்கிறது. அதன் முடிவோடு உடன்படுவதும் உடன்படாததும் வேறு விஷயம். அந்தப் படமும் டிக்கெட்டுக்காக விற்கப்பட்டதுதான். ஆனாலும் அதில் பார்வையாளர் சந்திப்பது ஒரு மனிதனை.

பங்களாவும் லயமும்

இப்போது மலைநாட்டுக்கு வருவோம். காசல்ரீ, நுவரெலியா பக்கத்துப் பழைய துரை பங்களாக்கள் பல இன்று சொகுசு விடுதிகள். காசுள்ள வெளிநாட்டு ஜோடி அங்கே வந்து தங்கினால், ஒரு கட்டில் கேட்டார்களா, இரண்டு கட்டில் கேட்டார்களா என்று யாரும் துருவ மாட்டார்கள். கீழே லயத்தில் பிறந்தவனுக்கு நிலைமை அப்படியல்ல. 1883இன் தண்டனைச் சட்டக்கோவையின் 365, 365அ பிரிவுகள் இன்னும் இருக்கின்றன. 365இன்படி பத்து வருடம் வரை சிறை. 1995 திருத்தம் 365அ பிரிவைப் பெண்களுக்கும் விரித்தது. இதை மாற்ற பிரேம்நாத் தொலவத்த கொண்டுவந்த தனிநபர் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணல்ல என்று 2023 மே மாதம் உயர்நீதிமன்றம் சொன்னது. ஆனாலும் அது சட்டமாகவில்லை.

சட்டத்தை மாற்ற வேண்டும் என்பவர்களும் கூடாது என்பவர்களும் இதை மட்டும் ஒத்துக்கொள்வார்கள்: டொலரோடு வருகிறவரை வரவேற்கும் கடிதம், இங்கேயே பிறந்தவருக்கு எந்த மாற்றத்தையும் செய்யவில்லை.

தேயிலைப் பக்கெட்டைப் பாருங்கள். கூடை சுமந்து சிரிக்கும் கொழுந்து பறிக்கும் பெண் உலகம் முழுக்கத் தெரிந்த முகம். அவளுடைய நாட்சம்பளம் 1,000 ரூபாயைத் தொடப் பல வருடப் போராட்டமும் 2021 மார்ச் வர்த்தமானியும் வேண்டியிருந்தது. முகம் தெரிந்ததால் வயிறு நிறையவில்லை.

எமக்கும் இது தெரியாத கதையல்ல. 2017இல் நைக்கி விளையாட்டு ஹிஜாப் செய்து விற்றபோது நம்மில் பலர், 'பார்த்தீர்களா, உலகம் எம்மை மதிக்கிறது' என்று புளகாங்கிதப்பட்டோம். ஆனால் 2013 மார்ச்சில் இங்கே ஹலால் இலச்சினைக்கு எதிராகக் கூச்சல் எழுந்தபோது நடந்ததை நினைத்துப் பாருங்கள். உள்ளூர்ப் பொருட்களில் இருந்து இலச்சினை போனது. ஏற்றுமதிக்கு மட்டும் சான்றிதழ் நின்றது. வெளிநாட்டு முஸ்லிமின் காசுக்கு ஹலால் இனித்தது. பக்கத்து வீட்டு முஸ்லிமின் நிம்மதிக்காக எந்தக் கம்பனியும் தெருவில் இறங்கவில்லை.

ஆகவே விளம்பரத்தில் ஒருவர் முகம் வந்துவிட்டது என்பதற்காக அவருக்கு மரியாதை கிடைத்துவிட்டது என்று நம்ப வேண்டியதில்லை. அதேபோல், அந்த விளம்பரத்தின் மீதுள்ள கோபத்தை எமது ஊரின் ஒரு மெல்லிய பையன் மேல் கொட்டுவதும் அநியாயம். கம்பனி விளம்பரத்தை வாபஸ் வாங்கிவிட்டு அடுத்த சரக்குக்குப் போய்விடும். அவனுக்கு அப்படிப் போக இடமில்லை. மார்க்கம் ஒரு செயலைத் தடுத்திருக்கிறது என்று சொல்கிற அதே வாயால், பரிகாசத்தையும் பட்டப்பெயரையும் அது தடுத்திருப்பதை நாம் மறந்துவிடுகிறோம்.

கடை இப்போது என் பொறுப்பில். முகப்பில் இன்னும் அதே கிரீம் பக்கெட்டுகள். சாமான் கட்ட வேறு பையன் இருக்கிறான். அவனை யாரும் பட்டப்பெயர் சொல்லிக் கூப்பிட்டால் சாமான் கொடுப்பதை நிறுத்திவிடுகிறேன். சிலர் முறைத்துக்கொண்டு அடுத்த கடைக்குப் போகிறார்கள். "நீங்களுமா?" என்று கேட்டவனுக்கு அன்று நான் பதில் சொல்லவில்லை. இன்று அவன் எங்கே இருக்கிறான் என்று எனக்குத் தெரியாது.