தொகையும் திரைப்படமும்

பிறர் எடுத்த பழம் படச்சுருள்களைத் தேடித் தொகுத்துப் புதியதொரு படைப்பை ஆக்கும் முறை இன்று உலகக் கலைக்கூடங்களில் பெருவழக்காக உள்ளது. உருசிய நாட்டு எசுபிர் சூப் என்னும் அம்மையார், பழைய செய்திப் படங்களைக் கொண்டே ரொமானோவ் அரசமரபின் வீழ்ச்சியை 1927இல் படமாக்கினார். 2010இல் கிறித்தியன் மார்க்கிளே, ஆயிரக்கணக்கான திரைப்படத் துணுக்குகளை இணைத்து 24 மணி நேரம் ஓடும் 'கடிகாரம்' என்னும் படைப்பை அமைத்தார். பிறர் எடுத்ததை ஒருவர் தம் படைப்பு எனல் பொருந்துமோ என்னும் ஐயம் ஈண்டு எழுதல் இயல்பே.

இவ்வையத்திற்குத் தமிழ் மரபு விடை பகர்கின்றது. அகநானூற்றுப் பாடல்களை இயற்றிய புலவர் பலர். ஆயினும் ஒற்றைப்பட்ட எண்ணின பாலை, இரண்டும் எட்டும் குறிஞ்சி, நான்கு முல்லை, ஆறு மருதம், பத்து நெய்தல் என்னும் ஒழுங்கு தொகுத்தோர் தந்ததே. திருவரங்கத்தில் பகற்பத்து, இராப்பத்து நாள்களில் அரையர் சேவிக்கும் பாசுரங்களை, நாதமுனிகள் தேடித் தொகுத்து இசை வகுத்தனர் எனக் குருபரம்பரை நூல்கள் கூறும். பாடியோர் ஆழ்வார்கள், நாலாயிரம் என்னும் ஒருமையை ஆக்கியவர் தொகுத்தவர்.

திரைப்படத்தில் இப்பணியை ஆற்றிய தமிழர் ஏ. கே. செட்டியார். கோட்டையூரிற் பிறந்த அவர், 1937 முதல் பல நாடுகளுக்கும் சென்று, காந்தியடிகளைப் பற்றிய படங்களைத் திரட்டினார். முப்பது ஆண்டுகளில் ஏறத்தாழ நூறு பேர் எடுத்த 50,000 அடிச் சுருள்களினின்று தெரிந்தெடுத்த 12,000 அடிப் படம், தமிழ் விளக்கவுரையுடன் 1940இல் சென்னையில் வெளிவந்தது. செய்தி விற்பனைக்கென எடுத்த துணுக்குகள், அவர்தம் வைப்புமுறையாலும் உரையாலும் ஒரு வாழ்க்கை வரலாறாயின. எனவே தொகுத்தலும் படைத்தலே என்பது தெளிவு.

எனினும் தொகுப்போர்க்குக் கடன்கள் உள. துணுக்கு எடுக்கப்பெற்ற இடமும் காலமும் மறைத்தல் ஆகாது. அது காட்டாத செய்தியை அதன்மேல் ஏற்றுதலும் ஆகாது. பாடலின்கீழ்ப் புலவர் பெயரும் துறையும் குறித்த நம் முன்னோர் முறை இதற்கு வழிகாட்டும்.

காத்தலோ அனைவர்க்கும் உரிய கடன். அக்காலச் சுருள்கள் எளிதில் தீப்பற்றுவன. நாளடைவில் தாமே சிதைவன. செட்டியாரின் படமும் நெடுங்காலம் கிட்டாது போயிற்று. 1953இல் அமெரிக்காவில் வெளியான அதன் ஆங்கில வடிவின் படியொன்றை ஆ. இரா. வேங்கடாசலபதி அந்நாட்டிலேயே தேடிக் கண்டார்.

திருச்சிராப்பள்ளியில் தொடர்வண்டித் துறை ஊழியராயிருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடமிருந்து படக்கருவியும் சுருள்களும் வாங்கி ஊரூராகப் படங்காட்டினார். அத்தகைய பழமையுடைய இந்நகரிலும் திருவரங்கத்திலும் மூடிய அரங்குகளிலோ இல்லப் பேழைகளிலோ எஞ்சிய சுருள் உளவேல், அவற்றைப் பழம் பொருள் எனக் கழித்தல் தகாது. ஏடு தேடிய பதிப்பாசிரியர்தம் ஊக்கம் சுருள் தேடுதற்கும் வேண்டும். சுருள் அழியின், நாளைத் தொகுப்போர்க்குத் தொகுக்கப் பொருளிராது என்பது எம் கருத்து.