அரிப்புத் தூண்களும் எங்கட வீடுகளும்: கட்டடக்கலையில் பின்நவீனத்துவம்

பின்நவீனத்துவம் என்ற சொல் எங்கட பக்கத்துக்குக் கவிதையோடும் சிறுகதையோடும்தான் வந்து சேர்ந்தது. தொண்ணூறுகளில் சிற்றிதழ்களில் அதைப் பற்றி நடந்த சண்டைகளை வாசித்தவர்களுக்கு, மையம், விளிம்பு, பெருங்கதையாடல் என்று தலையைச் சுற்ற வைத்த விடயமாகவே அது மனதில் நிற்கும். லியோதாரின் நூல் பிரெஞ்சில் வெளிவந்தது 1979இல். அதற்கு இரண்டு வருடம் முந்தி, 1977இல், சார்ள்ஸ் ஜென்க்ஸ் கட்டடங்களை மட்டுமே வைத்துப் பின்நவீனத்துவம் பற்றி ஒரு முழு நூல் எழுதிவிட்டார். கட்டடத்தில் இந்தச் சண்டையை விளங்கிக்கொள்வது லேசு. கவிதை பிடிக்காவிட்டால் புத்தகத்தை மூடி வைக்கலாம். வீடு பிடிக்காவிட்டாலும் அதற்குள்தான் படுத்தெழும்ப வேணும்.

மன்னாரில் இருந்து இதை எழுத இன்னொரு காரணமும் இருக்கிறது. 1990 ஒக்ரோபர் கடைசியில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டு, வள்ளமேறிக் கற்பிட்டியில் இறங்கிய சனம் நாங்கள். இருபது வருடம் கிடுகுக் கொட்டிலிலும் அரைச்சுவர் வீட்டிலும் இருந்துவிட்டு, 2009க்குப் பிறகு பலர் திரும்பி வந்து கட்டத் தொடங்கினார்கள். தீவிலும் சரி, முசலிப் பக்கத்திலும் சரி, ஒரு ஊரையே முதலிலிருந்து கட்டுகிற வேலை. எப்படிக் கட்டுவது என்ற கேள்வி எங்களுக்குப் புத்தகக் கேள்வியாக வரவில்லை.

முதலில் நவீனத்துவம். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வியன்னாவில் அடோல்ஃப் லூஸ் என்பவர் கட்டடத்தில் பூ வேலையும் அலங்காரமும் வைப்பது குற்றத்துக்குச் சமம் என்று வாதாடினார். ஜேர்மனியில் 1919இல் பௌஹவுஸ் பள்ளி தொடங்கியது. மீஸ் வான் டெர் ரோ இரும்பையும் கண்ணாடியையும் மட்டும் வைத்துக் குறைவிலேயே நிறைவு காணலாம் என்றார். லெ கொர்பூசியே வீட்டை வாழ்வதற்கான இயந்திரமாகப் பார்த்தார். இதையெல்லாம் வரட்டுப் பிடிவாதம் என்று இன்றைக்குச் சொல்லுவது சுகம். ஆனால் அவர்கள் முன்னால் இருந்தது யுத்தத்தில் இடிந்த ஊர்களும் வீடில்லாத சனமும்.

லெ கொர்பூசியே 1914இல் வரைந்த ஒரு படம் எல்லாக் கட்டடக்கலைப் புத்தகத்திலும் இருக்கும். அதன் பெயர் டொமினோ. ஆறு கொங்கிறீற் தூண், மூன்று தட்டு, ஒரு படிக்கட்டு. சுவரே இல்லை. பாரத்தைத் தூண் தாங்குவதால், சுவரை எங்கே வேணுமென்றாலும் வைக்கலாம், வைக்காமலும் விடலாம். முதலாம் உலக யுத்தத்தில் பெல்ஜியத்தில் இடிந்துபோன வீடுகளைக் கெதியாகக் கட்டியெழுப்பத்தான் அவர் அதை யோசித்தார். அந்தத் திட்டம் அப்படியே நிறைவேறவில்லை. ஆனால் இன்றைக்கு எருக்கலம்பிட்டியிலோ தாராபுரத்திலோ சிலாவத்துறையிலோ ஒரு றோட்டால் நடந்து பாருங்க. தூண், பீம், தட்டு, மேல்மாடிக்கு ஏறக் காத்திருக்கிற படிக்கட்டு, தட்டுக்கு மேலே வானத்தைப் பார்த்து நீட்டிக்கொண்டு நிற்கிற கம்பி. பெல்ஜியத்துக்கு வரைந்தது மன்னாருக்கு வந்து சேர்ந்துவிட்டது. எங்கட மேசன்பாஸ்மார் லெ கொர்பூசியேயின் பெயரைக் கேள்விப்பட்டிருக்கத் தேவையில்லை. அந்த எலும்புக்கூடு இப்போது உலகத்துக்கே பொதுவானது.

பிறகு என்ன பிழைத்தது? எல்லாரும் சொல்லுகிற கதை அமெரிக்காவின் சென்ற் லூயிஸ் நகரத்தில் நடந்தது. புறூயிட் ஐகோ என்று 33 மாடிக்கட்டடங்கள், ஒவ்வொன்றும் 11 மாடி, ஏழைகளுக்காக 1950களில் கட்டப்பட்டவை. 1972இல் அவற்றை வெடிவைத்துத் தகர்க்கத் தொடங்கினார்கள். நவீன கட்டடக்கலை செத்தது அன்றைக்குத்தான் என்று ஜென்க்ஸ் எழுதினார். எனக்கு அது நியாயமாகப் படவில்லை. பராமரிக்கக் காசு இல்லை, நிறவெறி, நகரத்தை விட்டு வேலைகள் போனது, இதையெல்லாம் விட்டுவிட்டு வடிவத்தை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது எப்படி? அதைக் கட்டிய மினோரு யமசாகிதான் சவூதியில் தஹ்ரான் விமான நிலையத்தையும் வரைந்தவர். அதன் கூர்வளைவுகளைப் பழைய சவூதிக்காரர்கள் கண்டிருப்பார்கள். ஒரே மனிதர் இரண்டு விதமாகவும் கட்டியிருக்கிறார்.

பின்நவீனத்துவக்காரர்களில் முதலாமவர் ரொபேர்ட் வென்டுரி. 1966இல் எழுதிய நூலில் மீஸின் 'குறைவே நிறைவு' என்பதைக் கேலி செய்து, குறைவென்றால் சலிப்புத்தான் என்றார். கட்டடத்தில் சிக்கலும் முரணும் இருக்கட்டும், பழசை நினைக்கட்டும், பார்க்கிறவனோடு பேசட்டும் என்பது அவர் பக்கம். 1972இல் அவரும் டெனிஸ் ஸ்கொட் பிரவுனும் ஸ்டீவன் ஐசனோரும் லாஸ் வேகாஸ் நகரத்தைப் படித்து ஒரு புத்தகம் போட்டார்கள். அதில் ஒரு கருத்து எங்களுக்கு மிக உதவும். அலங்கரித்த கொட்டகை என்று அவர்கள் சொன்னது. உள்ளே சாதாரணப் பெட்டி, வெளியே அது என்ன என்று சொல்லுகிற அடையாளம்.

1982இல் மைக்கேல் கிரேவ்ஸ் போர்ட்லன்ட் நகரத்தில் ஒரு அரச அலுவலகம் கட்டினார். முகப்பில் நிறம் நிறமாகப் பெரும் தூண்களின் சாயல். யன்னல்கள் சின்னன். உள்ளே இருந்து வேலை செய்தவர்கள் வெளிச்சம் காணாது என்று முறைப்பட்டார்கள். 1984இல் பிலிப் ஜோன்சன் நியூயோர்க்கில் ஏ.டி. அன்ட் டி. நிறுவனத்துக்கு ஒரு கோபுரம் கட்டி, அதன் உச்சியில் பழைய ஆங்கிலேய அலுமாரியின் தலை மாதிரி ஒன்றை வைத்தார். யார் இந்த ஜோன்சன்? 1932இல் நவீனத்துவத்தை அமெரிக்காவுக்கு அறிமுகப்படுத்திய கண்காட்சியை நடத்தியவர்களில் ஒருவர். 1958இல் மீஸோடு சேர்ந்து சீக்ராம் கட்டடத்தில் வேலை செய்தவர். அதே ஆள், அதே இரும்புக் கூடு. மேலே கல்லுச் சட்டை போட்டாச்சு, அவ்வளவுதான்.

நான் சொல்ல வருவது இதைத்தான். பின்நவீனத்துவம் நவீனத்துவத்தோடு சண்டை பிடித்தது முகத்தில். எலும்பை அப்படியே எடுத்துக்கொண்டது.

இந்த வித்தை புதிதுமில்லை. அரிப்புக்குப் போனவர்கள் கடலோரத்தில் நிற்கிற இடிபாட்டைக் கண்டிருப்பார்கள். ஊர்ச்சனத்துக்கு அங்கே உள்ளதெல்லாம் அல்லிராணி கோட்டைதான். அல்லிராணிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. இலங்கையின் முதலாவது பிரித்தானிய ஆளுநர் பிறெட்றிக் நோர்த், முத்துக்குளிப்பை மேற்பார்வை பார்க்க 1801க்கும் 1804க்கும் இடையில் கட்டிய மாளிகை. டொரிக் என்று அதற்குப் பெயர், பழைய கிரேக்கத் தூண்வகையின் பெயர்தான். கிரேக்கத்தில் அந்தத் தூண் கல்லு. அரிப்பில் செங்கல்லை அடுக்கி, மேலே சுண்ணாம்புச் சாந்து பூசிக் கல்லு மாதிரிக் காட்டினார்கள். கீழக்கரை, காயல் பக்கமிருந்து வந்த முஸ்லிம்களும் பரதவரும் கடலுக்கடியில் மூச்சடக்கிக் கிடந்தபோது, மேட்டில் நின்ற வெள்ளைத் தூண்கள் அவர்களுக்கு யார் ஆளுகிறார் என்று சொல்லிக்கொண்டிருந்தன. இன்றைக்குச் சாந்து கழன்று செங்கல் தெரிகிறது. கரையைக் கடல் அரிக்க அரிக்கச் சுவர் துண்டு துண்டாக மணலில் விழுகிறது.

எங்கட பள்ளிவாசல்களைப் பற்றியும் சொல்லாமல் விட ஏலாது. மதீனாவில் முதல் பள்ளிக்குக் குப்பாவும் இல்லை, மினாராவும் இல்லை. ஈச்சமரத் தண்டு தூண், ஓலை கூரை. பனங்காட்டுக்காரராகிய எங்களுக்கு அதை நினைத்துப் பார்க்கக் கஷ்டமில்லை. எதிர்க்கரையில் கீழக்கரையிலும் காயல்பட்டினத்திலும் உள்ள பழைய கல்லுப் பள்ளிகளில் வரிசை வரிசையாகத் தூணும் தட்டைக் கூரையும்தான். கோயில் மண்டபம் கட்டிய அதே கல்தச்சர் மரபு, உருவம் மட்டும் இல்லை. கொழும்பு புறக்கோட்டையில் 1908, 1909இல் எழும்பிய ஜாமிஉல் அல்ஃபார் சிவப்புப் பள்ளியோ வேறொரு கதை. வெங்காயக் குப்பாவும் கோடு கோடான செங்கல்லும் இந்தோ சரசெனிக் பாணியில் இருந்து வந்தவை. அது அழகில்லை என்று சொல்ல மாட்டேன். அதில் கொத்தனின் கை தெரிகிறது. இப்போது கட்டுகிற பலவற்றில் கொங்கிறீற் பெட்டி முதல், குப்பா பிறகு. கீழே மின்விசிறி சுற்றிச் சுற்றிச் சூட்டுக் காற்றையே அடிக்கிறது. வென்டுரி பார்த்தால் இதுதான் நான் சொன்ன கொட்டகை என்று சந்தோசப்பட்டிருப்பார்.

வீட்டுக்கு வருவோம். நாங்கள் திரும்பி வந்து கட்டியபோது வரைபடம் ஏற்கெனவே தயாராக இருந்தது. உதவித் திட்டங்களில் இது சகசம். இந்திய வீட்டுத்திட்டத்தில் வீட்டுக்காரரே நின்று கட்ட 550,000 ரூபாய் கொடுத்தார்கள். அந்த முறையில் சனத்துக்குக் கொஞ்சமாவது கை இருந்தது. 2016இல் வடக்குக் கிழக்குக்கு 65,000 இரும்பு வீடு என்று ஒரு திட்டம் வந்து, சூட்டுக்கும் எங்கட வாழ்க்கைக்கும் சரிவராது என்று பெரிய எதிர்ப்புக் கிளம்பியது. டொமினோவுக்கும் அந்த இரும்பு வீட்டுக்கும் இடையில் நூறு வருடம். யோசனை ஒன்றுதான்.

எங்கட வீடு முடிந்தபோது முகப்பில் இரண்டு வளைவு வைத்தோம், தூணுக்கு மேலே பூ வைத்தோம். உம்மா சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டா, "பொம்புளயள் வந்தா எந்தப் பக்கத்தால வாற?" பழைய வீட்டில் பின் விறாந்தை இருந்தது. பக்கத்து வளவால், கிணற்றடியால், முன்வாசலில் ஆம்பிளைகளைக் கடக்காமல் வந்து இருந்து கதைத்துவிட்டுப் போவார்கள். குசினி தனியே இருந்தது, புகை வீட்டுக்குள் வராது. சோழகக் காற்று ஒரு வாசலால் புகுந்து மற்ற வாசலால் போகும். புது வீட்டில் அந்தப் பூவும் வளைவும் பழசை நினைவூட்டத்தான் செய்கின்றன. ஆனால் உம்மா தேடியது முகத்தில் இல்லை, தளத்தில். யார் எங்கே இருப்பது, எந்த வாசலால் வருவது என்பதில்.

இலங்கையில் இதை விளங்கியவர்கள் இருந்தார்கள். மினெற் டி சில்வா லெ கொர்பூசியேக்கு நெருக்கமானவர். அவரிடம் படித்ததைக் கண்டிக்குக் கொண்டு வந்து, முற்றமும் விறாந்தையும் உள்ள வீடுகளுக்குள் பொருத்தினார். 1950களில் வட்டபுலுவையில் அரச ஊழியர்களுக்கு வீட்டுத்திட்டம் வரைந்தபோது, வரையமுதல் அந்தக் குடும்பங்களிடமே எப்படி வாழுகிறீர்கள், என்ன தேவை என்று விசாரித்தார். ஜெப்றி பாவாவின் தந்தைவழிப் பாட்டனார் காலி முஸ்லிம். 2001இல் ஆகாகான் கட்டடக்கலை விருதின் தலைவர் விருது பாவாவுக்குக் கிடைத்தது. ஈனா டி சில்வாவுக்கு அவர் 1960களின் தொடக்கத்தில் கொழும்பில் கட்டிய வீடு கொங்கிறீற் தூணையும் நடு முற்றத்தையும் ஒன்றாக வைத்தது. அவரைப் பின்நவீனத்துவக்காரர் என்பவரும் உண்டு. எனக்கு அந்தப் பெயர் பொருந்தவில்லை, ஏனென்றால் அவர் பழசின் படத்தை ஒட்டவில்லை, பழைய நடையை எடுத்தார். 2009க்குப் பிறகு அந்த வீட்டைப் பாகம் பாகமாகக் கழற்றி, பெந்தோட்டைக்குப் பக்கத்தில் லுணுகங்கையில் திரும்பப் பூட்டினார்கள். எங்கட வீடுகளை அப்படிக் கழற்றிக் கொண்டுபோக யாரும் நேரம் தரவில்லை. உடுத்த உடுப்போடு போனோம்.

பாவாவின் வேலை பெரும்பாலும் காசுக்காரருக்கும் ஹோட்டலுக்கும் என்பது உண்மை. ஆனால் வட்டபுலுவையில் கேட்ட கேள்விக்குக் காசு தேவைப்படவில்லை.

போன வருடம் மேசன்பாஸைக் கூப்பிட்டு, பின்பக்கம் ஆறடி அகலத்தில் ஒரு விறாந்தை இறக்கச் சொன்னோம். "முன்னுக்கு இறக்கினா வீடு எடுப்பா இருக்குமே" என்றார். உம்மா கதிரையைத் தூக்கிக்கொண்டு போய்ப் பின்பக்கம் வைத்து, "இதில இருந்து கிணறு தெரியோணும். அளந்து கட்டுங்க" என்றா. அவர் அளவு நாடாவை எடுத்தார்.