காவலர் வருமுன் நில அளவையர் வரட்டும்

இரண்டடி நிலத்துக்காக நீதிமன்றப் படியேற நேரும் என்று நான் ஒருபோதும் எண்ணியதில்லை. ஒரு மழைக்காலத்தில் எங்கள் வீட்டின் பழைய சுற்றுச்சுவர் சரிந்தது. அதை மீண்டும் எழுப்ப முனைந்தபோது, 'இரண்டடி எங்களுடையது' என்றார் அண்டை வீட்டுக்காரர். அஸ்திவாரம் தோண்ட வந்த வேலையாட்கள் மூன்று முறை விரட்டப்பட்டனர். காவல் நிலையத்தில் மனு ஏற்பு ரசீது கொடுத்து, 'இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்கள்' என்று அனுப்பிவிட்டார்கள்.

உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்து, காவல் துறைப் பாதுகாப்புடன் சுவரைக் கட்டி முடித்துவிடலாம் என்பதே என் எண்ணம். வழக்குரைஞர் என்னிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: 'அந்த இரண்டடி உங்களுடையதுதான் என்று இதுவரை யார் தீர்மானித்திருக்கிறார்கள்?'

சட்டத்தின் நிலையும் அதுவே. கேரளத்திலிருந்து வந்த பி.ஆர். முரளிதரன் வழக்கில் 2006-இல் உச்சநீதிமன்றம் இதைத் தெளிவுபடுத்தியது. உரிமையியல் நீதிமன்றம் இறுதியாகவோ, குறைந்தபட்சம் இடைக்கால ஆணையின் மூலமாகவோ ஓர் உரிமையை ஐயத்துக்கு இடமின்றி நிலைநாட்டியிருந்தால், அதைச் செயல்படுத்தக் காவல் துறையின் துணையைக் கேட்கலாம். உரிமை எவருடையது என்பதே தீராத நிலையில், அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது கூறைச் சிவில் வழக்குக்குப் பதிலியாகப் பயன்படுத்த இயலாது.

எனவே மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தோம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆவது கட்டளையின்கீழ் இடைக்காலத் தடையாணை கோரினோம். 26-ஆவது கட்டளையின்கீழ் நியமிக்கப்பட்ட வழக்குரைஞர் ஆணையர், நில அளவையருடன் வந்து புலப்படத்தை வைத்து அளந்தார். அண்டை வீட்டுக்காரர் கேட்ட இரண்டடி எங்களுடையதே என்று தெரிந்தது. ஆனால் அளவு இன்னொன்றையும் காட்டியது: பின்கோடியில் எங்கள் பழைய சுவரே அரை அடி அவர் பக்கம் சென்றிருந்தது.

அன்றே காவலர் துணையுடன் கட்டியிருந்தால், சீருடையின் நிழலில் அடுத்தவர் நிலத்தில் சுவர் எழுப்பியவன் நானாகவே இருந்திருப்பேன். என்னைத் திருப்பி அனுப்பிய சட்டத்தின் மீதிருந்த என் கோபம் அந்த இடத்தில் தணிந்தது.

புதிய எல்லையை ஒப்புக்கொண்டு, அதற்குட்பட்டுக் கட்ட ஆணை பெற்றோம். அதன் பிறகும் வேலை தடுக்கப்பட்டது. அப்போதுதான் அதே நீதிமன்றத்தில், 151-ஆவது பிரிவின்கீழ் காவல் துறை உதவி கோரினோம். இரண்டு காவலர்கள் வந்து நின்றனர். நான்கு நாள்களில் சுவர் முடிந்தது. ஆணையை மீறுபவரின் சொத்தை முடக்கவும், அவரை மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையில் வைக்கவும் 39-ஆவது கட்டளையின் 2-ஏ விதி இடமளிக்கிறது. அந்த அளவுக்கு நாங்கள் போகவில்லை.

அதற்காக, 'சிவில் விவகாரம்' என்ற சொல் காவல் துறையின் கடமையை முழுவதுமாகத் துடைத்துவிடாது. எல்லைத் தகராறு அடிதடியாக மாறினால் அது குற்றம். பிடியாணையின்றிக் கைதுசெய்யத்தக்க குற்றம் புகாரில் தென்பட்டால், முதல் தகவல் அறிக்கை பதிவது கட்டாயம் என்று லலிதா குமாரி வழக்கில் 2013-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது. நிலத் தகராறால் பொது அமைதி குலையும் என்று அஞ்சினால், முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145-ஆவது பிரிவாக இருந்து, 2024 ஜூலை முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164-ஆவது பிரிவாகியிருக்கும் விதியின்படி, நிர்வாக நடுவர் தலையிடலாம். அவரும் அனுபவம் யாரிடம் இருக்கிறது என்றே பார்ப்பார்; உரிமையைத் தீர்மானிக்க மாட்டார்.

நிலம் யாருடையது என்று காவல் நிலையம் முடிவுசெய்யத் தொடங்கினால், அது கட்டப் பஞ்சாயத்தாகிவிடும். செல்வாக்கு மிக்கவர் பக்கமே எல்லைக்கல் நகரும். எளியவரைக் காப்பது, முதலில் அளவு, பிறகு ஆணை, அதன் பின்னரே காவலர் என்ற வரிசைதான். ஆனால் அந்த முதல் அளவைக்கே மாதக்கணக்கில் காத்திருக்க நேர்வதால்தான் மக்கள் குறுக்குவழி தேடுகிறார்கள். வழக்குரைஞர் ஆணையரின் ஆய்வை விரைவுபடுத்தினாலே, பல தெருக்களில் காவலர் வந்து நிற்கத் தேவையிருக்காது.