இரவற் பெயரில் ஒருத்தி

2015 மே மாதத்தில் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் தங்கப் பனை விருதை வென்ற 'தீபன்' பெரும்பாலும் தமிழிலேயே பேசிய படம். இயக்கியவரோ தமிழறியாத ழாக் ஓதியார். நாயகன் ஈழத்து எழுத்தாளர் ஷோபாசக்தி. நாயகி சென்னை மேடை நடிகை காளீஸ்வரி ஸ்ரீநிவாசன். திரைக்கு அவர் புதியவர்.

அவர் ஏற்ற யாழினி, இறந்தவளொருத்தியின் கடவுச்சீட்டோடு, முன்பின் அறியாத ஆடவனுக்கு மனைவியாகவும் ஒரு சிறுமிக்குத் தாயாகவும் நடித்துப் பிரான்சு சேர்பவள். நடிப்பவளொருத்தியாக நடிக்க வேண்டிய அரிய பாத்திரம்! சிறுமியிடம் அவளுக்கு அன்பு எளிதிற் சுரப்பதில்லை. இங்கிலாந்திலுள்ள உறவினரிடம் சென்றுவிடவே துடிக்கிறாள். நம் திரைத் தாய்மார் முதற் காட்சியிலேயே கண்ணீர் சொரிந்திருப்பர். காளீஸ்வரியோ அவ்வெறுப்பை மறையாது காட்டினார். அதுவே அவர் நடிப்பின் துணிவு.

பதுளைத் தோட்டத்தார்க்கு இஃது அயற்கதையன்று. 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றோராக்கிய பின், ஒரு தாளுக்காக அலைந்த குடும்பங்கள் எத்தனை! என் மாணவர் சிலர்க்கு வீட்டில் ஒரு பெயர், பிறப்புச் சான்றிதழில் வேறொரு பெயர். வகுப்பில் இடாப்பு வாசிக்கையில் அவர்கள் சற்றுத் தாமதித்தே எழுவர். கவனக்குறைவென்று பலமுறை கடிந்துள்ளேன். யாழினியைக் கண்ட பின்னரே அத்தாமதம் எனக்கு விளங்கிற்று.