குறிப்பேடும் கத்தியும்

நுழையும்முன்

அறுவை மருத்துவம் கைத்திறனைச் சார்ந்தது. ஆயின், கைத்திறன் அம்மருத்துவரோடு மறைந்துவிடும். அவர் மறைக்காமல் எழுதிவைத்த குறிப்புகளோ அவருக்குப் பின்னும் உயிர்களைக் காக்கும். இதற்குச் சான்றாக விளங்கும் ஓர் அமெரிக்க மருத்துவப் பேராசிரியரின் பணிவாழ்வை இக்கட்டுரை விளக்குகிறது.

திறக்க அஞ்சிய பேழை

வயிற்றில் கட்டி வளர்ந்தால் வயிறு ஓரளவு இடங்கொடுக்கும். மண்டையோடு அவ்வாறு விரிந்து கொடுப்பதில்லை. அதனுள் கட்டி வளர வளர மூளை நெருக்குண்ணும். தலைவலியும் வாந்தியும் தோன்றும், பார்வை மங்கும், கைகால்கள் செயலிழக்கும், இறுதியில் உயிரும் பிரியலாம். மண்டையோட்டைத் திறக்காமலேயே கட்டியைப் படம்பிடித்துக் காட்டும் கருவிகள் இன்று உள்ளன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவை இல்லை. வலக்கை தளர்ந்தால் மூளையின் இடப்பக்கத்தில் குறை இருக்கலாம் என்பதுபோல, அறிகுறிகளைக் கொண்டே மருத்துவர்கள் கட்டியின் இடத்தை உய்த்துணர்ந்தனர். துணிந்து அறுவை செய்தாலும் குருதிப்பெருக்காலும் நோய்த்தொற்றாலும் பலர் உயிரிழந்தனர். ஆகவே, மூளையைத் தொடவே மருத்துவர்கள் தயங்கினர். இந்நிலையை மாற்றியோருள் முதன்மையானவர் ஹார்வி குஷிங்.

ஓர் இறப்பு தந்த பாடம்

குஷிங் 1869ஆம் ஆண்டு அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரில் மருத்துவர் குடும்பத்தில் பிறந்தார். ஹார்வர்டில் மருத்துவம் பயின்றபோது, அறுவைக்கு வந்த ஒருவருக்கு ஈதர் என்னும் மயக்கமருந்தைக் கொடுக்கும் பொறுப்பு அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அறுவையின்போதே அந்நோயாளி இறந்தார். மாணவர்களே மயக்கமருந்து கொடுப்பது அக்கால வழக்கம். அத்தகைய இறப்புகளும் அரியன அல்ல. எனினும், குஷிங் அதனை ஊழ் என்று விட்டுவிடவில்லை. தம்முடன் பயின்ற எர்னஸ்ட் காட்மனோடு இணைந்து, அறுவை நடக்கும்போது நோயாளியின் நாடித்துடிப்பையும் மூச்சையும் தொடர்ந்து குறித்துவரும் அட்டவணையை உருவாக்கினார். எழுதத் தொடங்கியபின் இடர் வரும் முன்னரே அதன் அறிகுறி தாளில் தெரிந்தது.

1901ஆம் ஆண்டு இத்தாலியின் பாவியா நகருக்குச் சென்ற குஷிங், அங்கு ரிவா-ரோச்சி அமைத்த குருதியழுத்தக் கருவியைக் கண்டார். அதன் அமைப்பை அறிந்து வந்து, தாம் பணியாற்றிய ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில் பயன்படுத்தினார். அட்டவணையில் குருதியழுத்தமும் சேர்ந்தது.

குருதியை அடக்குதல்

மூளை அறுவையின் பெரும்பகை குருதிப்பெருக்கு. மற்ற உறுப்புகளில் குருதிக்குழாயை நூலால் கட்டுவது எளிது. மென்மையான மூளைக்குள் அது அரிது. இதற்காக 1911இல் குஷிங் சிறிய வெள்ளிக் கவ்விகளை அறிமுகப்படுத்தினார். 1912இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தின் அறுவை மருத்துவப் பேராசிரியராகவும் பாஸ்டனில் இருந்த பீட்டர் பென்ட் பிரிகாம் மருத்துவமனையின் தலைமை அறுவை மருத்துவராகவும் பொறுப்பேற்றார்.

1926இல், குருதி நிறைந்த கட்டி ஒன்றை அகற்ற முற்பட்டபோது, குருதிப்பெருக்கு மிகுந்ததால் அறுவையை இடையில் நிறுத்தினார். சில நாள்களுக்குப்பின், இயற்பியல் அறிந்த வில்லியம் போவி உருவாக்கிய மின்கருவியின் துணையோடு அதே கட்டியை அகற்றினார். மின்னாற்றலின் வெப்பம் குருதிக்குழாய்களை அடைத்தது. முன்னர்க் கைவிட்ட பல நோயாளிகளை மீண்டும் அழைத்து அறுவை செய்ய இம்முறை வழிவகுத்தது. அவருடைய பிற்கால அறுவைகளில் உயிரிழந்தோர் நூற்றுக்குப் பத்துக்கும் குறைவானவர்களே.

மெய்ப்பிக்கப்பட்ட இரண்டாயிரம்

அகற்றிய திசுவை நுண்ணோக்கியில் ஆராய்ந்து உறுதிசெய்த பின்னரே, அதனைத் தம் கணக்கில் மூளைக்கட்டியாகச் சேர்த்தார் குஷிங். ஒவ்வொரு நோயாளிக்கும் அறிகுறிகள், ஒளிப்படம், அவரே வரைந்த அறுவைக் காட்சி, முடிவு ஆகியன பதியப்பட்டன. இறந்தோரும் பிழைத்தோரும் ஒரே ஏட்டில் இடம்பெற்றனர். இப்பணிக்குத் தூணாக நின்றவர் லூயிஸ் ஐசன்ஹார்ட். உதவியாளராகச் சேர்ந்த அப்பெண்மணி, பின்னர் மருத்துவம் பயின்று, மூளைக்கட்டித் திசுக்களை ஆராய்வதில் வல்லுநரானார்.

இவ்வாறு சேர்ந்த செய்திகளிலிருந்தே, மூளையுறையில் தோன்றும் கட்டிக்கு 1922இல் 'மெனிஞ்சியோமா' என்று பெயரிட்டார் குஷிங். 1926இல் பெர்சிவல் பெய்லியுடன் இணைந்து 'கிளியோமா' கட்டிகளை வகைப்படுத்தினார். கட்டியின் வகை தெரிந்தால், அது எவ்வளவு விரைவில் வளரும் என்பதையும் நோயாளிக்கு என்ன கூறலாம் என்பதையும் முன்கூட்டியே கணிக்கலாம். 1931ஆம் ஆண்டு ஏப்ரல் 15 அன்று, தம் 62ஆம் வயதில், அவர் 2,000ஆவது கட்டியை அகற்றினார்.

தெரிந்து தெளிவோம்

குஷிங் சிறந்த எழுத்தாளரும் ஆவார். மருத்துவர் வில்லியம் ஆஸ்லரைப் பற்றி அவர் எழுதிய வாழ்க்கை வரலாற்று நூலுக்கு 1926இல் புலிட்சர் பரிசு வழங்கப்பட்டது.

வேலூர்வரை நீண்ட மரபு

பேராசிரியரின் பணி அறுவைக் கூடத்தோடு முடிவதில்லை. குஷிங்கிடம் இளமையில் பயிற்சி பெற்றோருள் ஒருவர் வில்டர் பென்ஃபீல்டு. அவர் 1934இல் கனடாவின் மான்ட்ரியல் நகரில் நரம்பியல் நிறுவனத்தைத் தொடங்கினார். அங்குப் பயின்று திரும்பிய ஜேக்கப் சாண்டி, 1949இல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் இந்தியாவின் முதல் நரம்பியல் அறுவை மருத்துவத் துறையைத் தொடங்கினார்.

குஷிங் 1939இல் மறைந்தார். அவர் சேர்த்த மூளை மாதிரிகளும் ஒளிப்படங்களும் யேல் பல்கலைக்கழகத்தில் பாதுகாக்கப்பட்டன. பின்னர் ஒரு மாணவர் விடுதியின் நிலத்தடி அறையில் பல்லாண்டுகள் கவனிப்பாரற்றுக் கிடந்தன. மருத்துவ மாணவர்கள் அவற்றைக் கண்டு வியந்து பிறருக்கும் கூறினர். சீரமைக்கப்பட்ட அத்தொகுப்பு 2010 முதல் பல்கலைக்கழக மருத்துவ நூலகத்தில் காட்சிக்கு வைக்கப்பட்டுள்ளது. அவ்வொளிப்படங்களில் நம்மை நோக்கும் முகங்களுள் பிழைத்தோரும் உள்ளனர், பிழைக்காதோரும் உள்ளனர். பிழைக்காதோரின் குறிப்பை அவர் கிழித்தெறிந்திருந்தால், அடுத்து வந்தோரைக் காக்கும் வழி புலப்பட்டிராது. ஆய்வுக்கூடத்தில் எதிர்பாராத விடை கிடைக்கும்போது அதனை அழித்துவிட்டு 'சரியான' விடையை எழுதத் தோன்றும் மாணவர், இதனை எண்ணிப் பார்த்தல் வேண்டும்.