பூட்ஸ் பைக்குள் ஒரு காட் பனடோல்

சீகிரியாக் குன்றில் சிங்கப் பாதங்களுக்கு முன்னால் இருக்கும் முற்றத்தில் என் அக்கா மகன் உட்கார்ந்துவிட்டான். சித்திரைப் புத்தாண்டு விடுமுறை, காலை பத்து மணி வெயில். இனி இரும்புப் படிகள் மட்டும்தான் பாக்கி. 16 வயது, பாடசாலை ரக்பி அணியில் முன்வரிசைக்காரன், ஒரு மணி நேரம் நிற்காமல் ஓடுகிறவன். பேரப்பிள்ளைகளோடு வந்த பாட்டிமார்கூட அவனைத் தாண்டி ஏறிப் போனார்கள்.

"என்ன தம்பி, வெயிலா?"

"ஒன்னுமில்ல மாமா. கொஞ்சம் தல சுத்துது."

மெல்ல இறக்கிக் கூட்டிவந்து, வண்டியை நிழலில் நிறுத்தித் தண்ணீர் கொடுத்த பிறகுதான் விஷயம் வெளியே வந்தது. ஆறு நாட்களுக்கு முந்திய ஆட்டத்தில், டெக்கிள் செய்யப் பாய்ந்தபோது எதிரணிப் பையனின் முழங்கால் இவன் நெற்றிப்பொட்டில் இடித்திருக்கிறது. மயங்கவில்லை. எழுந்து கடைசிவரை ஆடியிருக்கிறான். ஆனால் இரண்டாம் பாதியில் யார் புள்ளி எடுத்தார்கள் என்பது அவனுக்கு நினைவில்லை. அன்றிலிருந்து காலையில் இரண்டு, பயிற்சிக்கு முன் இரண்டு என்று பனடோல். அக்காவுக்கு எதுவும் தெரியாது.

மூளை தயிர்க்கட்டி போல மென்மையானது. மண்டையோட்டுக்குள் நீரில் மிதந்துகொண்டிருக்கிறது. ஓடுகிற தலை சட்டென்று நின்றாலோ திரும்பினாலோ உள்ளே அது குலுங்கி முறுகுகிறது. இதைத்தான் கன்கஷன் என்கிறார்கள். பெரும்பாலானவர்கள் மயங்குவதே இல்லை என்பதுதான் இதிலுள்ள பொல்லாப்பு. தலையில் மாட்டும் மெத்தைத் தொப்பி தோல் கிழியாமல் காக்கும். குலுக்கலைத் தடுக்காது. உட்கார்ந்திருக்கும்போது அடங்கிக் கிடக்கும் தலைச்சுற்று, உடம்பு உழைக்கும்போது மேலே வரும். சீகிரியாவில் ஏறத்தாழ 1,200 படிகள்.

ஸ்கேன் எடுத்தோம். "ஒன்றுமில்லை" என்று வந்ததும் வீடே மூச்சு விட்டது. அந்த நிம்மதியும் அரைகுறைதான் என்பதை வைத்தியர் சொன்னார். சி.டி. ஸ்கேன் இரத்தக்கசிவையும் எலும்பு முறிவையும் காட்டும். கன்கஷன் அதில் தெரியாது.

ரக்பி எங்கள் மலைநாட்டுக்கு எவ்வளவு நெருக்கம் என்பதை விளக்க வேண்டியதில்லை. 1906இல் கண்டி போகம்பறையில் டிரினிட்டியும் கிங்ஸ்வூடும் மோதியதுதான் இந்நாட்டின் முதல் பாடசாலை ஆட்டம். 1945இல் தொடங்கிய பிரட்பி கேடய ஆட்டத்துக்கு இன்றும் ஊரே திரள்கிறது. மாத்தளைப் பையன்களும் அந்தக் கனவோடுதான் பூட்ஸ் வாங்குகிறார்கள். அணிக்குள் நுழைய இரண்டு வருடம் காத்திருந்தவன், "தலை வலிக்குது" என்று சொல்லி இடத்தை விடுவானா?

வட அயர்லாந்தில் 2011 ஜனவரியில் 14 வயது மாணவன் ஒருவன் பாடசாலை ரக்பி ஆட்டத்தில் அடிபட்டான். எழுந்து ஆடினான், மறுபடியும் அடிபட்டான். இரண்டு நாட்களில் இறந்துபோனான். முதல் அதிர்ச்சி ஆறுமுன் விழுந்த இரண்டாவது அடியால் மூளை வீங்கியதே காரணம் என்று 2013இல் மரண விசாரணை முடிவு செய்தது. அபூர்வம்தான். ஆனால் இப்படி இறந்தவர்களில் பெரும்பாலோர் வளரும் வயதுப் பிள்ளைகள்.

உயிர் தப்பியவர்களின் கதை பல வருடம் கழித்து வருகிறது. அடிவாங்கித் தடுமாறும் குத்துச்சண்டை வீரர்களைப் பற்றி அமெரிக்க நோயியல் வைத்தியர் ஹரிசன் மார்ட்லண்ட் 1928லேயே எழுதிவிட்டார். ஸ்கொட்லாந்தின் முன்னாள் தொழில்முறைக் கால்பந்து வீரர்கள் மூளை சிதையும் நோய்களால் இறக்கும் வாய்ப்பு மற்றவர்களைவிட மூன்றரை மடங்கு என்று 2019இல் கிளாஸ்கோ ஆய்வு கண்டது. அந்நாட்டின் முன்னாள் சர்வதேச ரக்பி வீரர்களுக்கு அத்தகைய நோய் வரும் வாய்ப்பு சுமார் இரண்டரை மடங்கு என்றது 2022 ஆய்வு. 2003இல் இங்கிலாந்து உலகக் கிண்ணம் வென்றபோது ஆடிய ஸ்டீவ் தொம்ப்சன், அந்த வெற்றியே தன் நினைவில் இல்லை என்று 2020இல் சொன்னார். அப்போது அவருக்கு வயது 42.

ஒழுக்கம், தைரியம், நட்பு எல்லாம் ரக்பி தருகிறது, ஆபத்தை ஊதிப் பெருக்காதீர்கள் என்று பழைய வீரர்கள் சொல்வார்கள். அதில் உண்மை உண்டு. விதிகளும் மாறி வருகின்றன. 2023இல் இங்கிலாந்தின் உள்ளூர் ஆட்டங்களில் நெஞ்செலும்பின் அடிக்குக் கீழேதான் டெக்கிள் செய்யலாம் என்று ஆக்கினார்கள். பிரித்தானியாவில் அதே வருடம் வந்த வழிகாட்டல்படி, கன்கஷன் என்ற சந்தேகம் வந்தால் 21 நாட்களுக்குள் போட்டி கிடையாது. தலைவலி, தலைச்சுற்று எதுவும் இல்லாமல் 14 நாட்கள் போனால்தான் மோதல் உள்ள பயிற்சி.

என்னை உறங்கவிடாதது அந்தப் பனடோல்தான். எந்த விதியும் பையன் வாய் திறந்தால்தான் வேலை செய்யும். வலியென்பது ஓர் எச்சரிக்கை. அதை விழுங்கி அமுக்கிவிட்டு மைதானத்துக்குள் போகிறவனைப் பார்த்து எந்த மத்தியஸ்தர் என்ன கண்டுபிடிப்பார்? வைத்தியர் சொல்லி வீட்டில் வலிக்குக் கொடுப்பது வேறு, ஆட்டத்துக்கு முன் களவாகப் போடுவது வேறு. மருமகனிடம் கேட்டேன். "எல்லாரும் போடுவாங்க மாமா" என்றான், சாதாரணமாக. அடிபட்டவர் பேர் பட்டியலிலிருந்து போகும், பேர் போனால் அடுத்தவன் வந்துவிடுவான். 16 வயதில் அதைவிடப் பெரிய பயம் இல்லை. பரீட்சை நெருங்கும் காலத்தில் தலைவலியென்றால் வீட்டிலும் "படிப்புச் சுமை" என்று விட்டுவிடுகிறோம். வெளிச்சத்தைப் பார்க்கக் கண் கூசுகிறதா, காரணமில்லாமல் எரிந்து விழுகிறானா, வாசித்த பக்கத்தையே திரும்ப வாசிக்கிறானா என்று கவனிப்பதில்லை.

அடிபட்ட பிறகு வாந்தி, வலிப்பு, எழுப்ப முடியாத தூக்கம், கூடிக்கொண்டே போகும் தலைவலி, ஒரு கண்மணி மட்டும் விரிந்திருப்பது, இவற்றில் எது தெரிந்தாலும் உடனே 1990 அம்புலன்ஸைக் கூப்பிடுங்கள். தம்புள்ளை போன்ற ஊரிலிருந்து கண்டி ஆஸ்பத்திரிக்கு 70 கிலோமீற்றருக்கு மேல். தாமதிக்க நேரமில்லை.

பயிற்றுவிப்பாளரிடம் நான் சொல்லிவிட்டேன். மருமகன் அந்தப் பருவம் முழுவதும் வெளியே இருந்தான், இரண்டு வாரம் என்னோடு பேசவில்லை. இப்போது தலைச்சுற்று இல்லை.

ரக்பி ஆடும் பிள்ளை உங்கள் வீட்டிலும் இருந்தால், இன்றிரவு அவனுடைய பூட்ஸ் பையைத் திறந்து பாருங்கள். பாதி தீர்ந்த காட் ஒன்று இருந்தால், திட்டாமல் பக்கத்தில் உட்கார்ந்து, எந்த ஆட்டத்திலிருந்து என்று கேளுங்கள்.