கைமாறாத பட்டை

ஜப்பானியரின் எகிடென் தொடரோட்டத்தைப் பற்றி எழுதும்படி வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். தொடரோட்டம் என்னவென்று பள்ளி விளையாட்டு விழா பார்த்த எவருக்கும் தெரியும். அதனால் நேரே தசுகிக்கு வருகிறேன். குச்சிக்குப் பதிலாக அங்கே கைமாறுவது இந்தத் துணிப்பட்டைதான். பஸ் கண்டக்டரின் பைவார் மாதிரி தோளிலிருந்து குறுக்கே மாட்டிக்கொண்டு ஓடுவார்கள். தங்கள் கட்டத்தின் எல்லை நெருங்கியதும் கழற்றி, கையில் சுற்றிப் பிடித்து அடுத்தவரிடம் நீட்டுவார்கள். அதற்குள் அது வியர்வையில் ஊறிப்போயிருக்கும்.

முதல் எகிடென் 1917இல் கியோட்டோவிலிருந்து டோக்கியோவுக்கு, இரவிலும் நிற்காமல் மூன்று நாள் நடந்தது. இன்று பெரும்பெயர் ஹகோனே எகிடெனுக்குத்தான். 1912 ஸ்டாக்ஹோம் மாரத்தானில் வெயில் தாங்காமல் பாதியில் விலகிய கனகுரி ஷிசோ முன்னின்று, 1920இல் இதைத் தொடங்கிவைத்தார். ஜனவரி 2, 3 தேதிகளில் டோக்கியோவிலிருந்து ஹகோனே மலைக்குப் போய்த் திரும்ப வேண்டும். அணிக்குப் பத்து மாணவர்கள், மொத்தம் சுமார் 217 கிலோமீட்டர். புத்தாண்டு விடுமுறையில் வீடு வீடாக டிவியில் இதுதான்.

என்னை விடாமல் பிடித்துக்கொண்டது இதன் ஒரு விதி. நெடுஞ்சாலையை நெடுநேரம் மூடிவைக்க முடியாது. ஆகவே பட்டை கைமாறும் இடத்தை முதல் அணி கடந்து குறிப்பிட்ட நேரம் ஆகிவிட்டால் (முதல் நாளின் முதல் இரண்டு இடங்களில் 10 நிமிடம், திரும்பும் நாளில் 20) அடுத்த வீரரை வேறொரு பட்டையை மாட்டிக் கிளப்பிவிடுவார்கள். சில விநாடி பிந்தி வருபவர் நீட்டும் பட்டையை வாங்க அங்கே ஆளிருக்காது. அணியின் ஓட்டம் நிற்பதில்லை, நேரமும் கணக்கில் சேரும். ஆனாலும் அந்தப் பையன் தரையில் சரிந்து அழுவான். கேமரா அவனை விட்டு நகராது. எனக்கு உறுத்துவது அதுதான். அந்தக் கண்ணீரைக் காட்டிக்காட்டியே பட்டையை உயிரைவிடப் பெரிதாக்கிவிட்டார்கள்.

2018இல் பெண்கள் தகுதிப் போட்டி ஒன்றில் கால் எலும்பு முறிந்த வீராங்கனை, முழங்கால் தேய்ந்து ரத்தம் வழிய, சுமார் 200 மீட்டர் தவழ்ந்துபோய்ப் பட்டையைக் கொடுத்தார். நிறையப் பேர் மெச்சினார்கள். என்னால் முடியவில்லை.

ஹகோனேயில் பின்னால் வண்டியில் வரும் பயிற்சியாளர் இறங்கி வீரரைத் தொட்டுப் பிடித்தால், அணி விலகியதாகிவிடும். அந்தக் கை இன்னும் சீக்கிரம் நீளலாம். 1996இல் நான்காம் கட்டத்தில் மட்டும் இரண்டு அணிகள் ஓட முடியாமல் விலகின. அவற்றில் ஒன்றான கனகவா பல்கலைக்கழகம் மறு ஆண்டே பட்டம் வென்றது.